விதையில் நோவும் வீக்கமும்

அவசரத்தில் இந்தப் பக்கத்தைத் திறந்தவர்கள் இந்த ஒரு பந்தியை வாசித்தால் போதும். மிச்சத்தைப் பிறகு வாசிக்கலாம். விதையில் நோ திடீரென்று தொடங்கியிருந்தால், அதிலும் நோ வந்தவர் 25 வயதுக்கு உட்பட்ட பொடியனாக இருந்தால், ஓங்காளமோ சத்தியோ சேர்ந்திருந்தால், அதை வெறும் வீக்கம் என்று எண்ணி வீட்டில் வைத்திருக்காதீர்கள். 1990 என்ற இலக்கத்துக்கு அழையுங்கள், அல்லது கிடைக்கும் வாகனத்தில் ஆசுப்பத்திரிக்குப் புறப்படுங்கள். வழியில் சாப்பாடோ தேத்தண்ணியோ கொடுக்கவேண்டாம். விடியட்டும் என்று பார்த்திருக்கவும் வேண்டாம்.

இந்த அத்தியாயம் விதை அழற்சியைப் பற்றியது. அழற்சி என்றால் கிருமியாலோ வேறு காரணத்தாலோ விதை சிவந்து, சூடேறி, வீங்கி, நோவது. பெரும்பாலும் மருந்தால் மாறக்கூடிய வருத்தம். ஆனால் அந்தப் பெயரை வைக்கவேண்டியவர் வைத்தியர். வீட்டில் இருப்பவர்கள் அல்ல. ஏனென்றால் அழற்சியைப் போலவே தோற்றம் காட்டும் இன்னொன்று இருக்கிறது. அதற்குக் குளிசை உதவாது.

முதலில் முறுக்கு

விதையைத் தாங்கி நிற்கும் நாணுக்குள் இரத்தக்குழாய்கள் ஓடுகின்றன. அந்த நாண் சுழன்றுகொண்டால் குழாய்கள் நெரிபட்டு, விதைக்கு இரத்தம் போவது நின்றுவிடும். இதுதான் விதை முறுக்கு. 12 முதல் 18 வயது வரையான பொடியன்களிடம் அதிகம். ஆனால் எந்த வயதிலும் வரலாம், பிறந்த குழந்தைக்கும் வரலாம். விளையாடும்போது வரலாம், நித்திரையில் இருந்தவனை எழுப்பியும் வரலாம். நோ தொடங்கி 6 மணித்தியாலத்துக்குள் சத்திரசிகிச்சை செய்து முறுக்கை அவிழ்த்தால் பத்தில் ஒன்பது விதைகள் தப்புகின்றன. 12 மணித்தியாலம் கடந்தால் பாதிக்குப் பாதிதான். ஒரு முழு நாள் போனபின் வருபவர்களில் பெரும்பாலானோருக்கு விதையை அகற்றவேண்டி வருகிறது.

இந்தக் கணக்கு ஆசுப்பத்திரி வாசலில் தொடங்குவதில்லை, நோ தொடங்கிய நிமிடத்தில் தொடங்குகிறது. வன்னியில் இதை இரட்டிப்பாக நினைவில் வைத்திருக்கவேண்டும். கொக்கிளாயிலோ துணுக்காயின் உட்கிராமம் ஒன்றிலோ இரவு 10 மணிக்கு நோ தொடங்கினால், அதிகாலை 4 மணியோடு அந்த 6 மணித்தியாலம் முடிந்துவிடும். முல்லைத்தீவு நகரத்திலிருந்து ஏ9 வீதியைத் தொடுவதற்கே, மாங்குளம் பக்கமாகப் போனாலும் பரந்தன் பக்கமாகப் போனாலும், ஏறத்தாழ 50 கிலோமீற்றர். யானை கடக்கும் வீதிகளில் இரவில் வேகமாகப் போகவும் முடியாது. ஆகவே யோசிக்கும் நேரத்தை மட்டும்தான் உங்களால் குறைக்க முடியும்.

மல்லாவி, புதுக்குடியிருப்பு, செட்டிகுளம் போன்ற இடங்களில் இருப்பவர்கள் முதலில் பக்கத்து ஆசுப்பத்திரிக்குப் போவதில் பிழையில்லை. ஆனால் போனவுடனேயே முறுக்கு என்ற சந்தேகத்தை வாய்விட்டுச் சொல்லுங்கள். சத்திரசிகிச்சை நிபுணர் இருக்கும் மாவட்டப் பொது வைத்தியசாலைக்கு, கிளிநொச்சியோ முல்லைத்தீவோ வவுனியாவோ, உடனே மாற்றவேண்டுமா என்று கேளுங்கள். 1990 சுவசெரிய அம்புலன்ஸ் சேவை 2016இல் இந்திய உதவியோடு மேல், தென் மாகாணங்களில் தொடங்கி, 2018 ஜூலையில் வடக்குக்கும் வந்தது. அழைப்புக்கும் பயணத்துக்கும் காசு இல்லை. தமிழிலேயே பேசலாம். ஊர்ப் பெயரோடு சந்தியையோ கோயிலையோ பள்ளிக்கூடத்தையோ அடையாளம் சொன்னால் சாரதி தேடி அலையமாட்டார்.

இதில் மிகப்பெரிய தடை வீதி அல்ல, கூச்சம். பதின்மூன்று வயதுப் பொடியன் ஒருவன் அம்மாவிடம் போய் "விதை நோகுது" என்று சொல்லமாட்டான். "வயித்துக்குத்து" என்பான். முறுக்கில் அடிவயிறும் உண்மையாகவே நோகும் என்பதால் அவன் முழுப் பொய் சொல்லவும் இல்லை. அம்மா ஓமத்தண்ணி கொடுப்பா, பனடோல் கொடுப்பா, அதற்குள் இரண்டு மூன்று மணித்தியாலம் போய்விடும். வயிற்று நோ என்று சுருண்டு கிடக்கும் பொடியனிடம் அப்பாவோ மாமாவோ அண்ணனோ தனியே போய்க் கேட்கவேண்டும்: "தம்பி, வயிறு மட்டுமோ, கீழயும் நோகுதோ? காட்டவேண்டாம், சொன்னால் காணும்." அப்பா இல்லாத வீடுகள் வன்னியில் ஏராளம். அந்த வீடுகளில் அம்மாதான் கேட்கவேண்டும், கேட்கலாம். ஆறேழு வயதிலேயே "அங்க நோ வந்தால் அம்மாட்ட சொல்லவேணும்" என்று பழக்கிவைத்திருந்தால் அந்த இரவில் கேள்வி சுலபமாக வரும்.

அவசர சிகிச்சைப் பிரிவில் சொல்லவேண்டியது இவ்வளவுதான்: "இடது விதையில நோ. இரவு பத்து மணிக்குத் திடீரெண்டு தொடங்கினது. ரெண்டு தரம் சத்தி எடுத்தவன். கடைசியா ஆறு மணிக்குச் சாப்பிட்டவன்." எந்தப் பக்கம், எத்தனை மணி, கடைசிச் சாப்பாடு. இந்த மூன்றும் வைத்தியருக்கு நீண்ட கதையை விடப் பயன்படும்.

முறுக்கிய விதை மற்றதைவிட மேலேறி, குறுக்காகக் கிடக்கலாம். விதைப்பையைத் தூக்கிப் பிடித்தால் நோ குறைந்தால் அழற்சி, குறையாவிட்டால் முறுக்கு என்று ஒரு சோதனை சொல்வார்கள். அதை நம்பி வீட்டில் இருக்கவேண்டாம். அது பல தடவை பிழைக்கும். சத்திரசிகிச்சையில் முறுக்கை அவிழ்த்து, இனிச் சுழலாதபடி இரண்டு விதைகளையும் தைத்துவிடுவார்கள். திறந்து பார்த்தபின் முறுக்கு இல்லை என்று தெரிந்தால் "சும்மா வெட்டிப்போட்டாங்கள்" என்று கோபப்படவேண்டாம். சந்தேகம் தீராதபோது திறந்து பார்ப்பதுதான் சரியான வைத்தியம்.

கிருமி எப்படி அங்கே போகிறது

விதையின் பின்புறத்தில் சுருண்ட குழாய் ஒன்று ஒட்டிக்கிடக்கிறது; எப்பிடிடிமிஸ் என்பார்கள். விதையில் உண்டாகும் விந்தணு இதற்குள் தங்கி முதிர்ந்து வெளியேறும். வளர்ந்த ஆண்களில் அழற்சி பெரும்பாலும் இந்தக் குழாயில் தொடங்குகிறது. சலவழியில் இருக்கும் கிருமி விந்துக்குழாய் வழியே எதிர்த்திசையில் ஏறி இங்கே தங்கி, பிறகு விதைக்கும் பரவும். அதனால் நோ ஒரே அடியாக வருவதில்லை. ஒன்றிரண்டு நாளில் கொஞ்சம் கொஞ்சமாகக் கூடும். முதலில் விதையின் பின்பக்கம் தொட்டால் நோகும், பிறகு முழுவதும் வீங்கும். சலம் கழிக்கும்போது எரிவு, அடிக்கடி சலம் முட்டுதல், காய்ச்சல், சிலருக்குக் குறியிலிருந்து சீழ் போன்ற நீர். இவை சேர்ந்தால் அழற்சிப் பக்கம் தராசு சாய்கிறது.

எந்தக் கிருமி என்பது வயதோடு மாறுகிறது. ஏறத்தாழ 35 வயதுக்கு உட்பட்ட, பாலுறவு உள்ள ஆண்களில் கிளமிடியா, கொனோரியா ஆகிய இரண்டும் முன்னுக்கு நிற்கின்றன. அதற்கு மேற்பட்டவர்களில் குடலில் சாதாரணமாக வாழும் ஈ. கோலை போன்றவை சலவழிக்குள் வந்துவிடுவதே வழமை. வயதானவர்களுக்குப் புரோஸ்டேட் சுரப்பி பெருத்து, சலம் முழுதாக வெளியேறாமல் சலப்பையில் தேங்கும்; தேங்கிய சலத்தில் கிருமி பெருகும். இரவில் நாலைந்து தரம் எழும்பி, நின்று நின்று சொட்டுச் சொட்டாகப் போகும் தாத்தாவுக்கு விதை வீங்கினால், வீக்கத்துக்கு மட்டும் மருந்து எடுத்தால் காணாது. மூலகாரணத்தைப் பார்க்காவிட்டால் அடுத்த மழைக்குள் மறுபடி வரும். "வயசு போனால் அப்படித்தான்" என்ற பேச்சை நான் வன்மையாக வெறுக்கிறேன். அந்தப் பேச்சால் எத்தனையோ முதியவர்கள் தேவையில்லாமல் நோவோடு காலம் கழிக்கிறார்கள்.

பருவமடையாத சிறுவர்களுக்கு, முக்கியமாக 7 முதல் 12 வயது வரை, விதையோடு ஒட்டிய சிறு தசைத் துணுக்கு ஒன்று முறுக்கிக்கொண்டு நோவதுண்டு. அது ஓய்வோடு மாறிவிடும். ஆனால் அது அதுதான் என்று தீர்மானிப்பதும் ஆசுப்பத்திரியில்தான்.

நோ இல்லாமல், தண்ணீர் நிரம்பினாற்போல் மெல்லப் பெருக்கும் வீக்கம் வேறு வகை. ஊரில் ஓதம் என்பார்கள். முன்பு இலங்கையின் மேற்கு, தெற்குக் கரையோரங்களில் யானைக்கால் நோயும் இதற்கு ஒரு காரணமாக இருந்தது. பொதுச் சுகாதாரப் பிரச்சினை என்ற அளவில் அந்த நோய் இலங்கையில் ஒழிக்கப்பட்டதை 2016இல் உலக சுகாதார நிறுவனம் உறுதிப்படுத்தியது. ஓதத்துக்கு அவசரம் இல்லை, ஆனால் காட்டவேண்டும். தொடைச் சந்திலிருந்து விதைப்பைக்குள் இறங்கிய குடலிறக்கம் திடீரென்று இறுகி, உள்ளே தள்ளமுடியாமல், சத்தியும் வந்தால் அது முறுக்குக்குச் சமமான அவசரம்.

ஆசுப்பத்திரியில்

சலம் பரிசோதிப்பார்கள். அதனால் போவதற்குச் சற்று முன்பு சலம் கழிக்காமல் போவது நல்லது. பாலுறவால் தொற்றும் கிருமிகளைத் தேடுவதற்கு முதலில் வரும் சலமும், ஏனைய கிருமிகளை வளர்த்துப் பார்ப்பதற்கு இடையில் வரும் சலமும் வேண்டும். எந்தப் போத்தலுக்கு எது என்று கேட்டுப் பிடியுங்கள். அன்ரிபயோற்றிக் தொடங்குவதற்கு முன்பே சலம் கொடுத்துவிடவேண்டும். மருந்துக்கடையில் இரண்டு நாள் குளிசை வாங்கிப் போட்டுவிட்டு வந்தால் கிருமி அரைகுறையாக அடங்கிப்போய், பரிசோதனையில் எதுவும் தெரியாது; வைத்தியர் ஊகித்து மருந்து கொடுக்கவேண்டி வரும்.

டொப்ளர் ஸ்கான் விதைக்குள் இரத்தம் ஓடுவதைக் காட்டும். அழற்சியில் ஓட்டம் கூடியிருக்கும், முறுக்கில் குறைந்தோ நின்றோ இருக்கும். ஸ்கானில் நோவும் இல்லை, கதிர்வீச்சும் இல்லை. உடம்பில் செல் துண்டு இருப்பவர்கள் எம்ஆர்ஐ எடுக்கப் பயப்படுவது நியாயம். இந்த ஸ்கானுக்கு அந்தப் பயம் தேவையில்லை. எல்லா இடத்திலும் எல்லா நேரமும் ஸ்கான் கிடைக்காது. முறுக்கு என்ற சந்தேகம் பலமாக இருந்தால் ஸ்கானுக்காகக் காத்திருக்காமல் தியேட்டருக்குக் கொண்டுபோவார்கள்.

பெரும்பாலானவர்களை மருந்து கொடுத்து வீட்டுக்கு அனுப்புவார்கள். கடும் காய்ச்சல், நிற்காத சத்தி, கட்டுப்படாத நீரிழிவு, சீழ்கட்டி என்ற சந்தேகம் இருந்தால் வார்ட்டில் மறிப்பார்கள். நீரிழிவு உள்ளவர்கள் ஒன்றைக் குறித்துக்கொள்ளவேண்டும்: விதைப்பைத் தோலோ அதன் பின்பக்கமோ கருநீலமாகி, மணம் வீசி, மணிக்கு மணி சிவப்புப் பரவினால் அது தசை அழுகும் தொற்று. உயிருக்கே ஆபத்து. அதற்கு அன்று இரவே சத்திரசிகிச்சை வேண்டும்.

மருந்து, ஓய்வு, ஜட்டி

பாலுறவால் வந்த தொற்று என்று கருதினால் செஃப்ட்ரியக்சோன் ஊசி ஒன்றும், டொக்சிசைக்கிளின் நாளுக்கு இரண்டு தடவையாக 10 முதல் 14 நாளும் கொடுப்பது பொதுவான முறை. குடற்கிருமி என்று கருதினால் லெவோஃப்ளொக்சசின் போன்றவற்றை ஏறத்தாழ 10 நாள் கொடுப்பார்கள். எது, எவ்வளவு என்பது உங்கள் வயதையும் சிறுநீரகத்தையும் ஒவ்வாமையையும் பார்த்து வைத்தியர் எழுதுவது. பக்கத்து வீட்டுக்காரருக்கு மாறிய குளிசை உங்களுக்குப் பொருந்தவேண்டும் என்று இல்லை.

டொக்சிசைக்கிளினை நிறையத் தண்ணீரோடு, நிமிர்ந்திருந்து விழுங்கவேண்டும். போட்டவுடன் படுத்தால் தொண்டைக்குழாயில் ஒட்டிப் புண்ணாக்கும். பாலோடும், இரும்புச்சத்துக் குளிசையோடும், வயிற்றெரிவு மருந்தோடும் சேர்த்து எடுக்கவேண்டாம். இந்தக் குளிசை போடும் காலத்தில் வெயிலில் தோல் சீக்கிரம் பொசுங்கும். வயலில் நிற்பவர்கள் நீளக்கைச் சட்டையும் தொப்பியும் போடவேண்டும். முடிந்தால் நாலு நாள் வயல் பக்கமே போகாமல் இருப்பது இன்னும் நல்லது. லெவோஃப்ளொக்சசின் எடுக்கும்போது குதிகாலுக்கு மேலுள்ள தசைநாண் நொந்தால் அடுத்த குளிசையைப் போடாமல் வைத்தியரிடம் சொல்லுங்கள். நீரிழிவுக் குளிசை எடுப்பவர்களுக்கு இது சீனியின் அளவைக் குழப்பவும் கூடும்.

நோ மருந்தில் வன்னிக்காரர் மற்றவர்களை விடக் கூடுதல் கவனமாக இருக்கவேண்டும். டைக்குளோபினாக், ஐபியூபுரோபன் வகைகள் வீக்கத்தை நன்றாக வற்றச்செய்யும், உண்மை. ஆனால் அவை சிறுநீரகத்தைத் தாக்கக்கூடியவை. வவுனியா மாவட்டத்திலும் வெலிஓயாப் பக்கத்திலும் காரணம் தெளிவாகத் தெரியாத நீண்டகாலச் சிறுநீரக நோய் விவசாயிகளிடம் இருக்கிறது. நோய் முற்றும்வரை பலருக்குத் தங்களுக்கு அது இருப்பதே தெரியாது. கிளினிக் கொப்பி வைத்திருப்பவர்கள் அதைக் காட்டாமல் நோ ஊசி போடக்கூடாது. இதே மருந்துகள் டெங்குக் காய்ச்சலிலும் ஆபத்து. மாரிகாலத்தில் காய்ச்சலோடு விதை நோ வந்தால், டெங்கு இல்லை என்று தெரியும்வரை பரசிற்றமோல் மட்டும். குதத்தில் வைக்கும் டைக்குளோபினாக் குளிசைக்கும் இதே விதிதான். வாயால் போகாவிட்டாலும் அது இரத்தத்துக்குத்தான் போகிறது.

வீட்டு வைத்தியத்தில் பெரும் பங்கு ஓய்வுக்கும் தாங்கலுக்கும் உண்டு. வீட்டில் சாரத்தோடு காற்றோட்டமாக நிற்பது சுகம்தான், ஆனால் இந்த வருத்தத்துக்கு அது உதவாது. வீங்கிய விதை தொங்கத் தொங்க நோ கூடும். அளவான, இறுக்கிப் பிடிக்கும் ஜட்டி போடுங்கள். படுக்கும்போது சுருட்டிய துவாயை விதைப்பைக்குக் கீழே வைத்து உயர்த்துங்கள். துணியில் சுற்றிய ஐஸை 10, 15 நிமிடம் வைத்து எடுக்கலாம். நேராகத் தோலில் வைக்கவேண்டாம். சுடு ஒத்தடமும் எண்ணெய் போட்டு உருவுவதும் வேண்டாம். நோ முற்றாக நின்று ஒரு கிழமை போகும்வரை மோட்டார் சைக்கிள், லான்ட்மாஸ்டர், நெல் மூட்டை மூன்றையும் தள்ளிவையுங்கள்.

சரியான மருந்தென்றால் மூன்று நாளுக்குள் காய்ச்சலும் நோவும் தெளிவாகக் குறையும். குறையாவிட்டால் கிளினிக் திகதிக்குக் காத்திராமல் திரும்பிப் போங்கள். நோ போனபிறகும் வீக்கம் சில கிழமைகள் தங்கும். பின்பக்கத்தில் கட்டியாக ஒரு தடிப்பு ஒன்றிரண்டு மாதம்கூட இருக்கலாம். அதைக் கண்டு புதிதாக அன்ரிபயோற்றிக் வாங்கவேண்டாம். நோ போனவுடன் குளிசையை நிறுத்தவும் வேண்டாம்.

மனைவியோடு பேசுவது

பாலுறவால் வந்த தொற்று என்று வைத்தியர் சொன்னால், மருந்து ஒருவருக்கு மட்டும் அல்ல. முந்திய இரண்டு மாதத்தில் உறவு வைத்திருந்த துணைக்கும் பரிசோதனையும் மருந்தும் வேண்டும். இருவரும் மருந்தை முடிக்கும்வரை உறவு வேண்டாம். மறைத்தால் மனைவியிடமிருந்து கிருமி திரும்ப வரும். அவவின் கருப்பைக் குழாய்களைப் பழுதாக்கிப் பிள்ளைப்பேற்றையும் பாதிக்கும்.

பேச்சைத் தொடங்குவது கடினம் என்பது தெரியும். ஒரு தகவல் உதவலாம்: கிளமிடியா அறிகுறி எதுவும் இல்லாமல் மாதக்கணக்கில் உடம்பில் இருக்கக்கூடியது. இப்போது தெரியவந்தது இப்போதுதான் தொற்றியது என்று பொருள் இல்லை; யாரிடமிருந்து யாருக்கு என்பதையும் பரிசோதனை சொல்லாது. மாவட்ட வைத்தியசாலைகளோடு சேர்ந்து இயங்கும் பாலியல் நோய்ப் பிரிவுகளில் சிகிச்சை இலவசம், விபரம் வெளியில் போகாது. "எனக்குச் சலக்கிருமி, உமக்கும் ஒருக்கா பார்க்கச் சொன்னவை, ரெண்டு பேருமாப் போவம்" என்று தொடங்கினால், மிச்சத்தை அங்குள்ள வைத்தியர் விளக்குவார்.

கூகைக்கட்டு

கன்னம் வீங்கும் கூகைக்கட்டு சிறுபிள்ளைக்கு வந்தால் பெரும்பாலும் கன்னத்தோடு போய்விடும். பருவமடைந்த ஆணுக்கு வந்தால் ஐந்தில் ஒருவருக்கு, சில வேளை அதற்கும் கூட, விதையிலும் இறங்கும். கன்னம் வீங்கி ஏறத்தாழ ஒரு கிழமையில், வருத்தம் மாறுகிறது என்று நினைக்கும் நேரத்தில், திரும்பவும் காய்ச்சல் ஏறி விதை வீங்கும். வைரஸ் என்பதால் அன்ரிபயோற்றிக் வேலை செய்யாது. ஓய்வு, தாங்கல், ஐஸ், நோ மருந்து. ஒன்றிரண்டு கிழமையில் அடங்கும்.

"கூகைக்கட்டு இறங்கினால் பிள்ளை பிறக்காது" என்பது ஊரில் ஆழமாக வேரோடிய பயம். பாதிக்கப்பட்ட விதைகளில் மூன்றில் ஒன்று முதல் பாதிவரை பிறகு ஓரளவு சுருங்குவது உண்மை. ஆனால் பெரும்பாலானோருக்கு ஒரு பக்கம்தான் பாதிக்கப்படும். மற்றது வேலையைப் பார்த்துக்கொள்ளும். முழு மலடாவது அரிது. இந்தப் பயத்தால் ஒரு கலியாணப் பேச்சைக் குழப்புவது அநியாயம். சந்தேகம் இருந்தால் வருத்தம் மாறிச் சில மாதங்களுக்குப் பின் விந்துப் பரிசோதனை செய்து பார்க்கலாம்.

இலங்கையின் தேசியத் தடுப்பூசி அட்டவணையில் கூகைக்கட்டுக்கான தடுப்பு 2011இல் எம்எம்ஆர் ஊசியோடு சேர்ந்தது. இப்போது 9 மாதத்திலும் 3 வயதிலும் போடுகிறார்கள். அதற்கு முன் வளர்ந்தவர்களுக்கு, அதாவது யுத்தகாலத்தில் இடம்பெயர்ந்து திரிந்த பிள்ளைகளாக இருந்து இன்று இளைஞர்களாக இருப்பவர்களுக்கு, இந்தத் தடுப்பு பெரும்பாலும் கிடைத்திருக்காது. வீட்டில் ஒரு பிள்ளைக்குக் கன்னம் வீங்கினால் ஐந்து நாள் பள்ளிக்கூடத்துக்கு விடாமல், மாமாமாரின் மடியிலும் விடாமல் வைத்திருங்கள். தடுப்பூசி விபரத்தைக் குடும்பநல உத்தியோகத்தரிடம் கேட்கலாம்.

வயலும் மாடும்

வழமையான மருந்துக்கு அடங்காத அழற்சியில் வைத்தியர் உங்கள் தொழிலைக் கேட்பார். கேட்காவிட்டாலும் சொல்லுங்கள். மாடு, எருமை, ஆடு வளர்ப்பவர்கள், கன்று போடும்போது கைகொடுப்பவர்கள், காய்ச்சாத பால் குடிப்பவர்களுக்குப் புரூசெல்லோசிஸ் என்ற தொற்று வரலாம். விட்டு விட்டு வரும் காய்ச்சல், இரவு வியர்வை, மூட்டு உழைவு, அதோடு விதை வீக்கம். இதற்கு இரண்டு மருந்தை ஆறு கிழமை எடுக்கவேண்டும். வயல் மண்ணிலும் தண்ணீரிலும் வாழும் கிருமியால் வரும் மெலியோயிடோசிஸ் இலங்கையில் 1927இலேயே பதிவானது. நீரிழிவுள்ள விவசாயிகளை அது தேடிப்பிடிக்கிறது. விதையைத் தாக்குவது அரிது, ஆனால் தாக்கினால் சாதாரண குளிசைக்கு மசியாது, மாதக்கணக்கில் சிகிச்சை வேண்டும். காசநோயும் எப்பிடிடிமிஸில் ஒளிந்திருக்கும்: அதிக நோ இல்லாமல், கெட்டியாக, மாதக்கணக்கில் இருந்து, கடைசியில் தோலில் துளைவிட்டு நீர் வடியும்.

நோ தெரியாத உடம்புக்கு

வழிகாட்டி நூல்கள் பொதுவாக விட்டுவிடும் ஆட்கள் வன்னியில் அதிகம். 2009இல் முடிந்த யுத்தத்தில் முள்ளந்தண்டில் காயப்பட்டு, இடுப்புக்குக் கீழோ கழுத்துக்குக் கீழோ உணர்வு இழந்தவர்கள். இவர்களுக்கு விதை அழற்சி மற்றவர்களைவிட அடிக்கடி வருகிறது. ஆனால் இந்த அத்தியாயத்தில் இதுவரை சொன்ன முதல் அறிகுறியான நோ அவர்களுக்கு இல்லை. சலம் எடுக்கும் குழாயான கதீற்றர் வழியே கிருமி போகிறது, சலப்பை முழுதாக வெறுமையாவதில்லை, நாள் முழுக்கச் சக்கர நாற்காலியில் விதைப்பை நசிபடுகிறது. காய்ச்சல் வந்தபிறகு பார்த்தால் சீழே கட்டியிருக்கும்.

ஆகவே நோவுக்குப் பதில் கண்ணும் கையும். காலையில் கழுவும்போது இரண்டு விதையையும் ஒருதரம் தடவி, பருமன், சூடு, கெட்டித்தன்மை மூன்றையும் ஒப்பிடுங்கள். கைக்கு எட்டாதவர்கள் கண்ணாடி வைத்துப் பார்க்கலாம்; கழுவிவிடும் மனைவியோ அம்மாவோ பார்க்கலாம். காரணம் தெரியாமல் கால் இழுப்பு கூடுவது, வியர்ப்பது, உடம்பு அலுத்துப்போவது, சலம் கதீற்றரைச் சுற்றி ஒழுகுவது, இவையும் உள்ளே எங்கோ தொற்று என்பதைச் சொல்லும் மொழிதான். நெஞ்சுக்கு நடுவிலோ அதற்கு மேலோ காயப்பட்டவருக்குத் திடீரென்று தலை இடித்து, முகம் சிவந்து, மேலுடம்பு வியர்த்துக் கொட்டினால் இரத்த அழுத்தம் ஆபத்தான அளவுக்கு ஏறுகிறது என்று பொருள். உடனே நிமிர்த்தி இருத்துங்கள், இறுக்கமான உடுப்பைத் தளர்த்துங்கள், கதீற்றர் மடிந்திருக்கிறதா, பை நிரம்பியிருக்கிறதா என்று பாருங்கள், 1990க்கு அழையுங்கள்.

நிரந்தரக் கதீற்றர் வைத்திருப்பவர்கள் குழாயைத் தொடையிலோ அடிவயிற்றிலோ ஒட்டிவைக்கவேண்டும். தொங்கி இழுபட்டால் சலவழி புண்ணாகும். பை எப்போதும் சலப்பைக்குக் கீழே இருக்கவேண்டும், ஓட்டோவில் ஏற்றும்போது மடியில் வைக்கும் பழக்கம் கூடாது. மாற்றும் தவணை குழாயின் வகையைப் பொறுத்தது: சாதாரண றப்பர் வகை சில கிழமை, சிலிக்கன் வகை மூன்று மாதம் வரை. சலம் மணத்தாலோ கலங்கினாலோ மட்டும் அன்ரிபயோற்றிக் எடுக்கவேண்டாம். நீண்டகாலக் கதீற்றரில் கிருமி எப்போதும் இருக்கும், காய்ச்சலோ வீக்கமோ இல்லாமல் மருந்து போட்டால் மருந்துக்கு அடங்காத கிருமிதான் மிஞ்சும். கை வேலை செய்பவர்கள் நாளுக்கு நாலு முதல் ஆறு தடவை தாங்களே சுத்தமான குழாய் விட்டுச் சலம் எடுக்கும் முறையைப் பழகினால் தொற்று குறையும். முள்ளந்தண்டு வடம் பாதிக்கப்பட்டவர்களுக்காக மாங்குளத்தில் இயங்கும் உயிரிழை அமைப்பில், இதே வாழ்க்கையை வருடக்கணக்கில் வாழ்பவர்களைச் சந்திக்கலாம். ஒரு கதீற்றரை எப்படி ஒட்டுவது என்பதை அவர்கள் சொல்லித்தருவது இந்தப் பக்கத்தைவிடத் தெளிவாக இருக்கும்.

வீக்கம் போகாவிட்டால்

மருந்து முடிந்து சில கிழமைகளுக்குப் பிறகும் விதையிலேயே கெட்டியான கட்டி இருந்தால், அல்லது தொடக்கத்திலிருந்தே நோ இல்லாமல் கல்லுப்போல் ஒரு கட்டி தட்டுப்பட்டால், ஸ்கான் கேட்டு வாங்குங்கள். 15 முதல் 40 வயது வரையான ஆண்களில் விதைப் புற்றுநோய் இப்படித்தான் வரும். சில வேளை அழற்சி என்ற பெயரில் மாதக்கணக்கில் மருந்து எடுத்தபிறகே பிடிபடும். வேளைக்குக் கண்டால் பத்தில் ஒன்பதுக்கு மேற்பட்டவர்கள் முழுதாகக் குணமாகும் புற்றுநோய் இது. முதலில் பாதிக்கப்பட்ட விதையை அகற்றுவார்கள், தேவையென்றால் புற்றுநோய்ச் சிகிச்சைக்குத் தெல்லிப்பழைக்கோ மகரகமைக்கோ அனுப்புவார்கள். மற்ற விதை நன்றாக இருந்தால் தாம்பத்தியத்துக்கும் பிள்ளைக்கும் பொதுவாகத் தடையில்லை. கீமோ சிகிச்சைக்கு முன் விந்தைச் சேமித்துவைப்பது பற்றி வைத்தியரிடம் கேட்கலாம்.

அழற்சி மாறியவர்கள் நோ முற்றாக நின்று ஒரு கிழமை போனபின் மோட்டார் சைக்கிளில் ஏறலாம். மூட்டை தூக்குவதைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தொடங்குங்கள். கிரிக்கெட் விளையாடும் பொடியன்கள் கார்டு போடாமல் மட்டை பிடிக்கக்கூடாது; தோல் பந்தென்றால் கட்டாயம், ரென்னிஸ் பந்தென்றாலும் போடுவது நல்லது. பந்து பட்ட நோ ஒரு மணித்தியாலத்தில் அடங்காவிட்டால் மறுபடியும் முதல் பந்திக்குப் போங்கள்: அடிபட்ட விதை முறுக்கவும் கூடும், உள்ளே வெடித்திருக்கவும் கூடும்.